காதில் விழாத பேச்சு

ஸ்ரீரங்கம்

அன்புள்ள வள்ளிக்கண்ணுவுக்கு,

பரமக்குடியில் நீ, அம்மா, நம் குட்டி யாழினி எல்லோரும் நலமா? அம்மாவின் கால் வீக்கம் வடிந்ததா? நான் சுகம். ஜவுளிக்கடை வேலையும் பரவாயில்லை. போனை எடுத்தால் விரல் ரீல்ஸைத் தேடுகிறது, அதனால்தான் கடிதம்.

பெரிதாக ஒன்றுமில்லை, கவலைப்படாதே. போன வாரம் அறையில் படுத்துக்கொண்டு ரீல்ஸ் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தேன். கூடத் தங்கியிருக்கும் பாலு ஏதோ சொன்னார். "சூப்பர்ங்க" என்றேன். நிமிர்ந்தால், அவர் பையோடு வாசலில் நிற்கிறார்.

"எங்கப்பா தோப்புல விழுந்துட்டாரு, ஆஸ்பத்திரில சேர்த்திருக்காங்கன்னு சொன்னேன். அதுக்கா சிரிக்கிறீங்க?" என்று கேட்டுவிட்டுத் தொட்டியம் பஸ்ஸுக்குப் போய்விட்டார்.

அப்போதே அந்த ஆப்பை அழித்தேன். மறுநாள் தொட்டியம் ஆஸ்பத்திரிக்கே போய் பாலுவிடம் மன்னிப்புக் கேட்டேன். "விடுங்க. சாப்பிட்டீங்களா?" என்றார். அவர் அப்பா இப்போது தேறிவிட்டார்.

ஆனால் வேலை முடிந்தால் கை சும்மா இருக்க மாட்டேன் என்கிறது. காவிரிக்கரை அம்மா மண்டபம் வரை நடக்கிறேன், திரும்புகிறேன், மறுபடி நடக்கிறேன். மணி பார்க்கப் போனை எடுத்தாலே ஆபத்து, என் பழைய வாட்சை அனுப்பு. எலுமிச்சை ஊறுகாயும் கொஞ்சம்.

கடைக்கு நேரமாகிவிட்டது. இன்னொன்று மட்டும். பாலு விஷயத்துக்கு முந்தின ஞாயிறு வீடியோ காலில் யாழினி வெகுநேரம் ஏதோ சொன்னாள். அவள் முகத்தை ஓரத்தில் சிறிதாக்கி வைத்துவிட்டு, நான் ரீல்ஸ் பார்த்தபடி தலையாட்டிக்கொண்டிருந்தேன். என்ன சொன்னாள் என்று அவளிடமே கேட்டு, ஒன்று விடாமல் எழுது.

உன்
ரத்தினவேல்