யானையின் அடியில் ஒரு பெயர்

கடையில் எந்தப் பீங்கானை எடுத்தாலும் முதலில் கவிழ்த்து அடிப்பக்கத்தைப் பார்க்கிறேன். இன்று விளக்கு வாங்கப் போன இடத்தில் கடைக்காரர், "வெல அடியில இல்லீங்க" என்று சிரித்தார். நான் விலையைத் தேடவில்லை என்று அவரிடம் எப்படிச் சொல்வது?

விருத்தாசலத்துப் பொம்மைக் கொட்டகையில் நமக்கு அடுத்தடுத்த பலகை. ஈரம் காய்வதற்குள் ஒவ்வொருத்தியும் தன் பொம்மையின் அடியில் ஊசியால் ஒரு குறி கீறவேண்டும். சூளையில் வெடித்தால் யார் கை என்று தெரிய. உனக்கு மூன்று கோடு, எனக்கு ஒரு சுழி. ஒரே ஒரு யானையில் மட்டும் சுழியைப் போடாமல் 'சலீம்' என்று எழுதினேன், சரக்கு ஏற்ற வண்டி ஓட்டி வருகிறவன் பெயரை. சூளை பிரிக்கும்போது நானே எடுத்து ஒளித்துவிடலாம் என்ற நினைப்பு.

சூளை பிரித்த அன்று கூட வேலை செய்யும் செல்வி அக்காவின் கை முந்திக்கொண்டது.

"அடியே, யானைக்கு அடியில மாப்ள ஒக்காந்திருக்காருடி! யாரு வூட்டு மாப்ள?"

சிரிப்பு எழுந்தது. பெயரை வாசித்ததும் அடங்கியது. என்னை அழைத்துப்போக வந்த அண்ணன் வாசலில் பைக்கை நிறுத்திவிட்டு உள்ளே எட்டிப் பார்த்தான். நீ கையைத் துடைத்துக்கொண்டு முன்னால் வந்தாய்.

"நாந்தான் எழுதுனேன். இப்ப என்னாங்கிறீங்க?"

என் எழுத்தை அண்ணன் பார்த்துவிடாமல் யானையைப் பிடுங்கி உன் துணிப்பையில் போட்டாய். தொட்டியில் கை கழுவும்போது என் காதில் சொன்னாய்: "உங்கண்ணன் உன்ன உசுரோட வுடமாட்டான்டி. எங்க வூட்ல அம்மா மட்டுந்தான். நாலு அடி போட்டுட்டு மறந்துடும்."

நீ பஸ்ஸில் ஊர் சேர்வதற்குள் பேச்சு சேர்ந்துவிட்டது. உன் அம்மா அடிக்கவே இல்லை. ஒரே மாதத்தில் நல்லூர்ப் பக்கம் கட்டிக்கொடுத்துவிட்டார். சலீம் துபாய்க்குப் போனான். அவனும் வாய் திறக்கவில்லை, நானும் திறக்கவில்லை. போன ஐப்பசியில் மஞ்சள் காமாலையில் நீ போனபோது, சாவு வீட்டிலேயே ஒருத்தி, "அந்த சாயபு பையன் பேர எழுதுன பொண்ணுதான?" என்றாள். தலையைக் குனிந்துகொண்டேன்.

காரியம் முடிந்தபின் உன் அம்மாவிடம் போனேன். "அது நான் எழுதுனது அத்தை."

அவர் அரிசி புடைப்பதை நிறுத்தவில்லை. "தெரியும். எம் பொண்ணு எழுத்து எனக்குத் தெரியாதா?"

"அப்புறம் ஏன்..."

"ஊரே அவ பேரச் சொல்லிடுச்சு. இல்லன்னு சொல்ல நீ வரலியே."

பெட்டியைத் திறந்து யானையை என் கையில் வைத்தார்.

அது இப்போது என் புத்தகங்களுக்கு முட்டுக்கொடுத்து நிற்கிறது. இன்று விளக்கோடு வீடு திரும்பியபோது அண்ணன் அதைக் கையில் வைத்திருந்தான்.

"ஏது இது?"

"அடியில பாரு. அது என் எழுத்து" என்றேன்.