பாதித் தப்பு

கடல்மேல் இருக்கும் என் மகனுக்கு,

அம்மா எழுதுகிறேன். நான் நலம், முட்டிவலி வழக்கம்போல. போனில் சொல்லலாம் என்றால், நீ கப்பலேறிய நாளிலிருந்து பேச்சு பாதியில் அறுந்துபோகிறது. இது பாதியில் அறுந்துபோகக் கூடாத சேதி. மேல்முறையீட்டில் உன் மனைவி ஜெயித்துவிட்டாள்.

முதலில் தீர்ப்பாயம் சொன்னது உனக்குத் தெரியும். விபத்தில் பாதித் தப்பு வேன் ஓட்டிய இவள்மேல், அதனால் நஷ்டஈட்டிலும் பாதியைக் கழித்தார்கள். சந்தில் இருந்து பாய்ந்து வந்த லாரிக்காரனும், பிள்ளைகளைப் பள்ளிக்கூடத்துக்கு ஏற்றிப்போன இவளும் ஒரே தட்டில். பழி ஓரிடம் பாவம் ஓரிடம் என்பது இதுதான். அன்று வீட்டுக்கு வந்தவள் சாப்பிடவில்லை, அழவும் இல்லை. துவைத்து மடித்த துணியை மறுபடி உதறி மடித்துக்கொண்டிருந்தாள்.

வக்கீலம்மாதான், இதோடு முடிந்துவிடவில்லை, மேல்கோர்ட்டுக்குப் போவது உங்கள் உரிமை, ஆனால் கெடுவுக்குள் போக வேண்டும் என்றார். இன்சூரன்ஸ் கம்பெனியும் எதிர்த்து மனுப்போடலாம், கிடைத்ததும் குறையலாம் என்பதையும் ஒளிக்காமல் சொன்னார். அக்கம்பக்கத்தில் எல்லோரும், கையில் வருவதை வாங்கிக்கொண்டு பேசாமல் இரு என்றார்கள். நீயும் அதைத்தான் எழுதியிருந்தாய். நானும் அந்தக் கட்சிதான், மறைப்பானேன்.

பிறகு கம்பெனி ஆள் ஒருவர் வீட்டுக்கே வந்தார். நல்ல மனிதர், செருப்பை வாசலிலேயே விட்டு வந்தார். மேல்முறையீட்டுக்குப் போகாமல் விட்டால் கூடக் கொஞ்சம் போட்டுத் தருவதாகச் சொன்னார். இவள் காலை ஸ்டூல்மேல் நீட்டியபடி கேட்டுக்கொண்டிருந்தாள். அந்தக் கால் இனி மடங்காது, தெரியும் அல்லவா.

"பணத்தை நீங்க கூட்டுங்க, குறைங்க சார். பாதித் தப்பு என்னோடதுன்னு எழுதியிருக்கே, அதை யார் எடுப்பா?" என்றாள்.

அது தன் கையில் இல்லையம்மா என்றார் அவர். அப்போ எடுக்கறவங்ககிட்டயே போறேன் என்றுவிட்டாள். அந்த நிமிஷம் நான் கட்சி மாறினேன். மாமியார் மெச்சின மருமகள் இல்லை என்பார்கள். அந்தப் பழமொழியை நம் வீட்டுப் பக்கம் இனி யாரும் கொண்டுவர வேண்டாம்.

விசாரணையன்று நானும் கூடப் போனேன். அவள் கடைசி பெஞ்சில், நீட்டிய காலை யாரும் தட்டிவிடாதபடி சுவரோரமாக உட்கார்ந்தாள். கம்பெனி வக்கீல் பழைய பாட்டையே பாடினார். பிரேக் போடாமல், லாரி வந்த பக்கமே ஸ்டியரிங்கைத் திருப்பினாள், யாராவது அப்படிச் செய்வார்களா என்றார். வக்கீலம்மா பேச எழுந்தார். அதற்குள் பெரிய நீதிபதி போலீஸ் போட்ட வரைபடத்தைக் கையில் எடுத்துக்கொண்டு, கம்பெனி வக்கீலைப் பார்த்தே கேட்டார்:

"பிரேக் போட்டிருந்தா, வேனோட எந்தப் பகுதி லாரிக்கு நேரா நின்னிருக்கும்?"

வக்கீல் தாளைப் பார்த்தார். நடுப்பகுதி என்றார்.

"அங்கே யார் உட்கார்ந்திருந்தாங்க?"

பிள்ளைகள் என்று அவர் சொன்னது எங்களுக்குக் கேட்கவே இல்லை. நீதிபதி திரும்பச் சொல்லச் சொன்னதால் கேட்டது.

பிள்ளைகள்மேல் விழ வேண்டிய இடியைத் தன் கதவில் வாங்கிக்கொண்டாள், தம்பி. தீர்ப்பாயத்திலும் இதைத்தான் சொல்லியிருக்கிறாள், யார் காதிலும் ஏறவில்லை. தீர்ப்பில் இப்போது, தவறு முழுக்க லாரி ஓட்டியவனுடையது, இவள்மேல் எள்ளளவும் இல்லை என்று இருக்கிறது. கழித்த பாதியையும் சேர்த்துக் கொடுக்கச் சொல்லியிருக்கிறார்கள். வெளியே வந்ததும், பசிக்குது அத்தை என்றாள். ஓட்டலில் அவள் சாப்பிட்டதைப் பார்த்து எனக்கு வயிறு நிறைந்துவிட்டது.

நேற்று வேன் முதலாளி வந்தார். கிளட்ச் இல்லாத வண்டி ஒன்று வாங்குகிறாராம், கையாலேயே ஓட்டும்படி மாற்றித் தருகிறேன், ஓட்டுவாயா என்று தயங்கித் தயங்கிக் கேட்டார். என்றைக்கு வர வேண்டும் என்று கேட்டாள் இவள். பிள்ளைகளைப் பெற்றவர்கள்தான் அவரை அனுப்பினார்களாம். யார் ஓட்டினால் எங்கள் பிள்ளையை ஏற்றுவோம் என்று எங்களுக்குத் தெரியும் என்றார்களாம்.

ஒன்று சொல்கிறேன், கோபித்துக்கொள்ளாதே. விபத்துக்குப் பிறகு நீ அனுப்பிய கடிதங்கள் எல்லாம் என் பெயருக்கே வந்தன. கடைசி வரியில் "அவளையும் கேட்டதாகச் சொல்" என்று இருக்கும். நானும் சொல்வேன், அவளும் தலையாட்டுவாள். கோர்ட்டு எடுத்துப்போட்ட அந்தப் பாதித் தப்பை நீ மனதில் வைத்துக்கொண்டிருக்கிறாயோ என்று அவள் கேட்கமாட்டாள். நானும் கேட்கவில்லை.

இந்தத் தடவை எனக்கு எழுத வேண்டாம். அவள் பெயர் போட்டு அவளுக்கு எழுது. நீ நன்றாக இரு, கரை சேரும்போது அவள் முகத்தை நேராகப் பார்க்கிற மனதோடு வா.

உன் அம்மா