செருப்பைக் கழற்றிய அசுரன்

அன்புள்ள நைனாவுக்கு, வசந்த்குமார் வணக்கத்துடன் எழுதுவது. நான் நலம். உங்கள் முட்டிவலி எப்படி இருக்கிறது? செட்டில் போனை வாங்கி வைத்துவிடுகிறார்கள், அதனால் கடிதம்.

இங்கே ஐதராபாத்தில் ஒரு சிரிப்பு நாவலைத் தொடராக எடுக்கிறார்கள். செட்டுக்கு நாங்கள்தான் தச்சு வேலை. சாமியும் அசுரனும் சேர்ந்து ரேஷன் கடை நடத்தும் கதை. நேற்று அசுரனாக நடிப்பவருக்குக் காய்ச்சல். உயரம் சரியாக இருக்கிறதென்று எனக்குக் கொம்பு வைத்துவிட்டார்கள். நாங்களே செய்த தெர்மாகோல் கோவிலுக்குள் கர்ஜித்துக்கொண்டு நுழைய வேண்டும். கர்ஜித்தேன். ஆனால் வாசலில் செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டுத்தான் நுழைந்தேன்.

"இன்னாடா, சாமிகூட சண்ட போடப் போறவன் செருப்ப கழட்டி வச்சிட்டுப் போறே" என்றான் நம்மூர் ஜான். டைரக்டர் திட்டப்போகிறார் என்று நின்றேன். அவரோ சிரித்துவிட்டு, "நாவல்ல வர்ற அசுரனும் இப்படித்தான், இருக்கட்டும்" என்றார்.

கொம்பு உரசிய இடம் லேசாக எரிகிறது, வேறொன்றுமில்லை. அம்மாவிடம் சொல்லிக் கொஞ்சம் கருவாடு அனுப்புங்கள். போர்த்திக்கொள்ள அவளுடைய பழைய புடவை ஒன்றும்.

செட்டுக்குப் போகும் வேன் வந்துவிட்டது. அந்தத் தெர்மாகோல் கோவிலில் கருவறை வரை போனேன் நைனா, யாரும் தடுக்கவில்லை. பொங்கலுக்கு வரும்போது, நாம் வாசலோடு கும்பிட்டுத் திரும்புகிற நம்மூர்க் கோவிலுக்குள்ளும் போவோம். செருப்பைக் கழற்றிவிட்டுத்தான்.

வசந்த்