விருந்தாளியோட சேலை

தம்பி மனைவிக்கு மூத்தவன் சொல்லச் சொல்ல, உன் அக்கா, அதான் என் வீட்டுக்காரி, எழுதுறது.

திட்டுறதுன்னா முழுசாத் திட்டணும்மா. பாதியில போனை வச்சிட்டா மீதியை நான் எங்க போய் வாங்குறது? "தம்பி போன துக்கம் ஆறலை, அதுக்குள்ள வாரிசு நான்தான்னு எழுதி வாங்கிட்டீங்களே மாமா"ன்னு கேட்டே. நான் வாங்கலை. ஆனா என் வாயாலதான் வந்துச்சு. அதைச் சொல்றதுக்குள்ள நீ வச்சிட்டே.

வீட்டுச் சேதி: நீ போனதுலேருந்து உங்க ரூம் பூட்டினபடியே இருக்கு. தம்பி பம்ப் ஹவுஸ் வேலைக்குப் போட்டுட்டுப் போற செருப்பு வாசல்லயே கிடக்கு, எடுக்க மனசு வரலை. உன் அக்கா மூட்டுவலின்னு முனகுறா. என்னை விரட்டுறப்ப மட்டும் மூட்டு நல்லா வேலை செய்யுது. இதை எழுத மாட்டேன்னா. மிரட்டி எழுத வச்சிருக்கேன்.

இப்ப அந்த விசாரணைக்காரர் கதை. அன்னைக்கு நீ இறப்புச் சான்றிதழுக்கு இன்னொரு நகல் வாங்க ஆஸ்பத்திரிக்குப் போயிருந்தே. உன் அக்கா கடைக்குப் போயிருந்தா. எனக்குப் பாதி மூஞ்சியில சோப்பு. வாரிசுச் சான்றிதழுக்கு நீ போட்ட மனுவை விசாரிக்கணும்னு வந்தவர் உட்காரக்கூட இல்லை. கொடியில காயுற சேலையைப் பாத்து, "இது யாரோடது?"ன்னார். நான் வாய்ப் பழக்கத்துல, "விருந்தாளியோடது"ன்னேன். "மனு போட்டிருக்கிற பொண்ணா?"ன்னார். "அவளேதான்"னேன்.

நீ இந்த வீட்டுக்கு வந்த அன்னைக்கு மடியில பையை வச்சுக்கிட்டு, பஸ்ஸுக்குக் காத்திருக்கிறவ மாதிரி நாள் பூரா நாற்காலி நுனியிலயே உக்காந்திருந்தியே, அன்னைக்கு நான் வச்ச பேருதான் விருந்தாளி. தெருவே கூப்பிட்டுச்சு. தம்பியும் கூப்பிட்டான். நீயும் சிரிச்சே. நிஜமாவே சிரிச்சியா, பல்லை மட்டும் காட்டினியான்னு இப்பதான் யோசிக்கிறேன்.

வந்தவருக்கு அது கிண்டல் பேருன்னு எப்படித் தெரியும்? "மனுதாரர் மனைவி அல்ல, விருந்தாளி. அண்ணன் மட்டுமே வாரிசு"ன்னு எழுதிக்கிட்டுப் போயிட்டார். அதோட தம்பி வேலைக்காக உனக்கு வரவேண்டிய பென்ஷனும் நின்னுபோச்சு.

நானே தாலுகா ஆபீஸுக்குப் போய் அவர்கிட்டயே சொன்னேன். "கிண்டலுக்கெல்லாம் திருத்தம் போட முடியாது பெரியவரே, கையெழுத்து உங்களோடதுதானே?"ன்னார். நான் போட்ட சத்தத்துல மேலதிகாரியம்மாகிட்ட அனுப்பிட்டாங்க. அந்தம்மா ஃபைலைப் படிச்சிட்டு அவரைக் கூப்பிட்டாங்க. "கொடியில கிடந்த சேலையை விசாரிச்சிருக்கீங்க. அதைக் கட்டுறவங்களை ஏன் விசாரிக்கலை?"ன்னாங்க. மனுஷன் ஃபேனைப் பாத்தார், தரையைப் பாத்தார். சிரிக்கலாம்னு வாயைத் திறந்தேன். அந்தம்மா என் பக்கம் திரும்பினதும் மூடிக்கிட்டேன்.

பழைய உத்தரவு ரத்து. உனக்கு நோட்டீஸ் அனுப்பி மறுபடி விசாரிப்பாங்க. உன் பக்கத்தை நீ சொல்லலாம், கல்யாணப் போட்டோ காட்டலாம், சாட்சி கூட்டிட்டு வரலாம். என்னை நிக்க வச்சு நீயே கேள்வி கேக்கலாமாம். இத்தனை வருஷம் கிண்டல் பண்ணினதுக்கு வட்டியும் முதலுமா வாங்கிக்கோ.

உன் அக்கா இங்கயே ஆரம்பிச்சிட்டா. "எழுதினதை உங்களுக்குப் படிச்சுக் காட்டினாரா இல்லையா?"ங்கறா. காட்டினார். விருந்தாளின்னு வந்த இடத்துல சிரிச்சேன். "அடுத்த வரிக்கு?"ங்கறா. அடுத்த வரியிலதானே அண்ணன் மட்டுமே வாரிசுன்னு வருது. அதுக்கு நான் சிரிக்கலை. பேனாவை வாங்கினேன். அப்ப, ஒரே ஒரு நிமிஷம், என் மனசுல…

உன் அக்கா எந்திரிச்சுப் போயிட்டா. மிச்சத்தை என்கிட்ட சொல்லாதீங்க, அவகிட்ட சொல்லுங்கன்னுட்டா. இனி என் கோழிக்கிறுக்கல்தான், பொறுத்துக்கோ.

நோட்டீஸ் வந்தா திருப்பி அனுப்பிடாதேம்மா. வந்து எல்லார் முன்னாடியும் என்னைக் கேளு. யாரும் கேக்காம எனக்கு அது வாயில வரமாட்டேங்குது.

உடம்பைப் பாத்துக்கோ. நல்லா இரு.

மூத்தவன்