உன் பெட்டி வாயில் சிவப்புப் பட்டு

இதெல்லாம் நடக்கும் என்று நான் அன்றைக்கே சொன்னேன். கேபிள் டிவிக்குக் கறுப்பு வயர் போய்க் கண்ணாடி வயர் வரும் என்றேன், வந்தது. அதையும் அணில் கடிக்கும் என்றேன், கடித்தது. எனக்கு முன்னால் நீ போவாய் என்றேன், போய்விட்டாய். உன் வீட்டுச் சுவரில் நீ மாட்டின பெட்டியைத் திறக்க ஒருநாள் என்னைத்தான் கூப்பிடுவார்கள் என்றும் சொன்னேன். இன்று காலை கூப்பிட்டார்கள்.

உன் மனைவி, நான் தங்கச்சி என்று கூப்பிடுகிறவள், வயர் ஒட்டுகிற உன் மிஷின் பையைத் தூக்கிவந்து என் முன்னால் வைத்தாள். ஜிப்பை இழுத்ததும் ஸ்பிரிட் வாசனை மூக்கில் ஏறியது. ஊசி போடுவதற்கு முன் பஞ்சில் தடவுவார்களே, அதே வாசனை. மற்றவர்களுக்கு ஆஸ்பத்திரி ஞாபகம் வரும். எனக்கு நீ வந்தாய். பல்லைக் கடித்துக்கொண்டேன். செத்தவனைத் திட்டக் கூடாதாம். நீ உயிரோடு இருந்தபோது நான் எதிரே வந்தால் தெருவின் அந்தப் பக்கம் போய்விடுவாய். இப்போது எங்கே போவாய்? உட்கார்ந்து கேள்.

இந்தத் தெருவுக்குக் கேபிள் கொண்டுவந்தது நாம் இரண்டு பேர். நீ எட்டாவதோடு நிறுத்தினவன். நான் ஒன்பதாவதில் பாதி வரை போனவன், அதனால் கூட்டாளிகளில் படித்தவன் நான்தான். கண்ணாடி வயர் வந்த புதிதில் சென்னையிலிருந்து ஓர் இன்ஜினியர் வந்து பாடம் எடுத்தார். கையளவு சுருட்டிய மஞ்சள் வயரைக் காட்டி, இதன் பெயர் பிக்டெயில் என்றார். பன்னி வால் என்று உடனே தமிழில் சொன்னேன். இத்தனை வருஷ சர்வீஸில் இப்படி ஒருவரும் மொழிபெயர்த்ததில்லை என்று அவர் எழுந்து நின்று என் கையைக் குலுக்கினார். நீ மட்டும் முகத்தைச் சுளித்தாய். "கோயில் தெருபா இது. பன்னின்னு சொல்லிக்கினு இருக்காத. வெறும் வால்னு சொல்லு." அன்றிலிருந்து அது நமக்கு வால்தான்.

வாலின் ஒரு நுனியில் கம்பெனியே, சொருகுவதற்காக, ஒரு பச்சைத் தலை மாட்டி அனுப்பும். மறு நுனி வெறும் இழை, மயிரைவிடச் சன்னம். தெருவிலிருந்து வரும் இழையையும் அதையும் நேருக்கு நேர் மிஷினில் வைத்து ஒரு பொறியில் ஒட்டி, மிச்ச நீளத்தைப் பெட்டிக்குள் சுற்றி வைக்க வேண்டும். நான் சுற்றினால் உனக்குப் பிடிக்காது. "முறுக்கு மாதிரி சுத்தாத, வெளிச்சம் மூச்சு முட்டிச் செத்துடும். அப்பளம் மாதிரி சுத்து" என்பாய். பச்சைத் தலையை வாயால் ஊதித் துடைத்தால், எச்சில் போகுது என்று கத்துவாய். சரி என்று ஒருநாள் என் மச்சான் தறியிலிருந்து சிவப்புப் பட்டுக் கழிவு கொண்டுவந்து துடைத்தேன். பட்டைவிட மெத்தென்று உலகத்தில் என்ன இருக்கிறது, பெருமாளுக்கே அதைத்தானே சாத்துகிறோம் என்று கேட்டேன். "பட்டுல இருக்குற பசை பெருமாளுக்கு ஒட்டுனா அவரு கோச்சுக்க மாட்டாரு. வாலு கோச்சுக்கும்" என்று பிடுங்கி என் பைக்குள்ளேயே திணித்தாய். எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். அதோடு நின்றிருந்தால் இந்தக் கடிதம் எதற்கு?

அந்தக் கருட சேவை காலையை மறந்திருக்க மாட்டாய். பெருமாள் பெரிய காஞ்சிபுரத்துக்குள் வருகிறார். குடைக்கு வழிவிட ஒவ்வொரு வயரையும் மூங்கிலால் தூக்க வேண்டும். உன் வீட்டுக்கு எதிரே ஏணிமேல் நான். நான் தூக்கின உயரத்தைப் பார்த்துப் பெருமாளே ஒரு நிமிஷம் நின்று நிதானித்துப் போனார். அன்றைக்கு அங்கே இருந்தவர்கள் சொல்வார்கள். குடை போனது. அதே நேரம் தெரு முழுக்க டிவி போனது. வாசலுக்கு வர முடியாத கிழவர்கள் வீட்டுக்குள் நம்முடைய சேனலில் அதே பெருமாளைப் பார்த்துக்கொண்டிருந்தவர்கள். உள்ளே இருந்து ஒவ்வொரு வீடாகக் குரல் வந்தது.

நீ உன் வீட்டுச் சுவரில் இருந்த, தெருவுக்கே லைன் பிரிகிற பெட்டியைத் திறந்தாய். வெளியே இழுத்த இழுப்பில் உள்ளே வால் ஒட்டின இடத்திலேயே பிய்ந்து கிடந்தது.

"இன்னா, தேர் வடமா இழுக்குற?" என்றாய்.

"பொட்டி வாயில வயரக் கட்டியிருந்தா உள்ள வரைக்கும் எப்படி இழுக்கும்? கட்டுனியா நீ?"

"கட்டாம வுடுவனா?"

"கட்டியிருந்தா பிச்சுக்காது."

நீ தெருவைப் பார்த்துத் திரும்பினாய். கையில் தேங்காய்த் தட்டோடு பாதி ஜனம் நின்றிருந்தது. "இவன் கை பட்டாலே கண்ணாடி செத்துடும்பா. இனிமே இவனத் தொட வுடாதீங்க" என்றாய்.

நீ சொல்லிவிட்டு வாலாஜாபாத்தில் வேறொருவரோடு தொழிலில் சேர்ந்துகொண்டாய். நான் அந்தச் சொல்லோடு இங்கேயே இருந்தேன். எந்த வீட்டுக்குப் போனாலும், "மாமா, நீ தொடாத, ஆள அனுப்பு" என்றார்கள். என் லைன், என் கம்பம், ஆனால் வால் ஒட்ட மட்டும் வெளியூரிலிருந்து ஆள் வர வேண்டும். டீக்கடையில் கிளாஸ் உடைந்தால், "மாமா கை பட்டுச்சா?" என்று கேட்டுவிட்டுத்தான் பெருக்குவார்கள். நான் வேலை தெரியாதவன் இல்லை. தாம்பரம் வரைக்கும் என் கை பேசப்படும். என் தெருவில் மட்டும் அது கண்ணாடியைக் கொல்லும் கை.

நீ படுத்துவிட்டாய் என்று கேள்விப்பட்டதும் வந்தேன். பழம் கொடுக்க வரவில்லை. அந்த ஒரு சொல்லைத் திரும்ப எடுத்துக்கொள்வாய் என்று வந்தேன். வாசல் நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றேன். நீ என்னைப் பார்த்தாய். பார்த்துவிட்டுச் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்தாய். அவ்வளவுதான் உன் மரியாதை. உன் சாவுக்கு வந்தேன், அழவில்லை. கூட்டம் உன்னைவிட என்னைத்தான் அதிகம் பார்த்தது.

இன்று காலை நான் வேலையாகப் போயிருந்த ஐயம்பேட்டையிலிருந்து ஷேர் ஆட்டோவில் வந்து இறங்கும்போதே எதிர்வீட்டுக்காரர் ஆரம்பித்துவிட்டார். "மாமா, நீயா தொடப்போற? ஆள் வரச் சொல்லலாமா?" உன் மனைவி வாசலில் இருந்து சொன்னாள்: "அண்ணன் தொடட்டும். பொட்டி எங்க வூட்டுது."

மூடியின் விரிசலில் அணில் வாயை விட்டு வாலைக் கடித்திருந்தது. புது வால் எடுத்தேன். தோலை உரித்தேன், ஸ்பிரிட்டில் துடைத்தேன், வெட்டினேன். உன் மிஷின் முதல் தடவை ஒத்துக்கொள்ளவில்லை, உன்னைப் போலத்தான் அதுவும். இரண்டாம் தடவை பொறி விழுந்து ஒட்டிக்கொண்டது. பச்சைத் தலையை வாய்வரை கொண்டுபோனேன். எதிர்வீட்டுக்காரர் பார்த்துக்கொண்டே இருந்தார். ஊதவில்லை. உன் பைக்குள் இருந்த துணியால் துடைத்துச் சொருகினேன். மிச்சத்தை அப்பளம் மாதிரி சுற்றினேன்.

அப்போதுதான் பெட்டி வாயைக் காட்டினேன், எல்லாருக்கும். வயர் உள்ளே நுழைகிற இடத்தில் சிவப்புப் பட்டு இழை, இறுக்காமல், அழகாக முடிச்சுப் போட்டு. "பாருங்க. அவன் கட்டுனது. நான் குடுத்த பட்டு. அன்னிக்கு இது இல்ல. நான் போனப்புறம் வந்து கட்டியிருக்கான். தப்பு யாருதுன்னு அவனுக்கே தெரிஞ்சிருக்குது." எதிர்வீட்டுக்காரர் கிட்டே வந்து பார்த்துவிட்டுத் தலையை ஆட்டினார். மாலைக்குள் டீக்கடை வரை போய்விடும்.

உள்ளே டிவி சத்தம் வந்தது. உன் மனைவி வெளியே வந்தாள். பெட்டியைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். "உன் கை பட்டும் உயிரோடதான் இருக்குது அண்ணே" என்றாள். அவள் சிரித்தாளா என்று தெரியவில்லை. நான் பையின் ஜிப்பை மூடிக்கொண்டிருந்தேன். வைத்துக்கொள் என்று பையை என்னிடமே தந்துவிட்டாள். தோளில் மாட்டிக்கொண்டு வந்தேன். எழுதும்போதும் பக்கத்தில்தான் இருக்கிறது, நாறிக்கொண்டு.

இவ்வளவும் நிஜம், ஒன்றைத் தவிர. தெருவிடம் சொல்லப்போவதில்லை, உன்னிடம் சொல்லாமல் முடியாது. பெட்டி வாயில் இருந்தது வெயிலில் வெளுத்த பிளாஸ்டிக் பட்டை. அதை நீ அந்தக் கருட சேவைக்கு முன்னால் கட்டினாயா, பின்னால் கட்டினாயா, பிளாஸ்டிக் எப்படிச் சொல்லும்? நீயும் சொல்லவில்லை. மூடியால் மறைத்துக்கொண்டு அதை அறுத்துப் பாக்கெட்டில் போட்டேன். பட்டு நான் கட்டினது, அன்றைக்கு நீ என் பைக்குள் திணித்ததுதான். உனக்குப் பிடிக்காவிட்டால் வந்து அவிழ்த்துக்கொள்.