மெம்பர் நாற்காலி

மெம்பர் அம்மாவுக்கு உன் வீட்டுக்காரன் வணக்கத்தோடு எழுதுவது. நான் நலம். ஓட்டுக் கேட்டு வீடுவீடாக நடந்தாயே, அந்தக் கால்வலி குறைந்ததா?

நீ அனுப்பிய பஞ்சாயத்து முதல் கூட்டத்துப் படத்தை இங்கே நான் வேலை செய்யும் சலவைக்கூடத்தில் எல்லோருக்கும் காட்டினேன். படத்தில் நீ ஓரமாக நிற்கிறாய். உன் நாற்காலியில் என் தம்பி கால்மேல் கால் போட்டு உட்கார்ந்திருக்கிறான். கூட வேலை செய்கிறவன் சிரித்தான். "பொம்பளைங்களுக்கு ஒதுக்கின சீட்டுதானே? நீ ஊர்ல இருந்திருந்தா நீ உக்காந்திருப்ப" என்றான். அதைக் கேட்ட எரிச்சலில் ஒரு வெள்ளைச் சட்டைமேல் இஸ்திரிப் பெட்டியை வைத்தபடியே நின்றுவிட்டேன். கருகியது சட்டைதான், கை இல்லை, பயப்படாதே.

போனில் கேட்டால், "உங்க தம்பி ஒத்தாசைக்குத்தான் வர்றாரு" என்கிறாய். அவனோ, "அண்ணிக்கு என்ன தெரியும், எல்லாம் நான்தான் பாத்துக்கிறேன்" என்று ஊரெல்லாம் சொல்கிறானாம்.

இங்கே குளிர். போர்வை ஒன்று அனுப்பு. புதுசு வேண்டாம், நீ போர்த்திக்கொள்வதே போதும்.

வேலைக்கு வண்டி வந்துவிட்டது. ஒன்று மட்டும் சொல்கிறேன். கட்டின புருஷன் எனக்கே இல்லாத நாற்காலி அவனுக்கு எதற்கு? எழுப்பிவிட்டு நீ உட்கார்.

இப்படிக்கு,
மெம்பர் வீட்டுக்காரன்