ஆலைத் தராசில் என் எடை

அன்பு நவமணிக்கு, பாடாங் செராயிலிருந்து உன் சின்னையா. நீயும் பிள்ளைகளும் சுகந்தானே? எனக்கு ஒரு குறையுமில்லை.

இளைத்துவிட்டேனா என்று போனில் கேட்டாய். இங்கிலீஷில் ‘வெய்’ என்றொரு சொல். பழக்குலையை நிறுத்தாலும், தீர யோசித்தாலும், மனசு கனத்தாலும் அதே சொல்தான். தோட்ட மேனேஜருக்கே நான்தான் விளக்கினேன்.

நேற்று செம்பனைப் பழ லாரியில் உட்கார்ந்தபடியே எண்ணெய் ஆலைத் தராசில் ஏறினேன். பழத்தைக் கொட்டிவிட்டு வெறும் லாரியை நிறுக்கும்போது தேத்தண்ணீர் குடிக்கப் போய்விட்டேன். என் எடையும் பழக் கணக்கில் சேர்ந்துவிட்டது. கணக்கெழுதும் கிராணி சிரித்தார்: "அண்ணே, ஒங்களையும் எண்ணெயா ஆட்டிருவாங்க லா." இளைத்தவனிடம் எண்ணெய் ஏது?

ஊருக்கு வரும் என் கூட்டாளி ரஃபேல் இங்கே திரும்பும்போது ஒரு பெல்ட் கொடுத்தனுப்பு, உள்ளே தள்ளி ஓட்டை போட்டு. இந்த ஊர்த் தண்ணீரில் கால்சட்டை விரிந்துகொண்டே போகிறது. அவன் வேறு ஏதாவது சொன்னால் நம்பாதே.

லாரி வந்துவிட்டது.
சின்னையா